கடிதம் போட்டவருக்கு அந்த அதிகாரம் எங்கிருந்து வந்தது? தர்ம நிர்வாகத் தகராறில் எந்த வாசலைத் தட்டுவது

போன மாதம் திருகோணமலை உப்புவெளியிலிருந்து ஒரு அண்ணர் என்னோடு கதைத்தார். அவருடைய தகப்பனார் காலத்தில் தர்மசாதன உறுதி (சொத்தைத் தர்மத்துக்கென்று ஒப்படைக்கும் பத்திரம்) எழுதி வைத்த அன்னதான மடம் ஒன்று. இப்போது ஒன்பது பேர் கொண்ட நிர்வாக சபை, அதற்குள் இரண்டு பக்கம், ஒரு பக்கம் போய் முறைப்பாடு கொடுக்க, மூன்றாம் கிழமை ஓர் அலுவலகத்திலிருந்து கடிதம் வந்திருக்கிறது: சபை கலைக்கப்படுகிறது, இடைக்காலக் குழுவிடம் திறப்புகளையும் கணக்குப் புத்தகங்களையும் ஒப்படையுங்கள். "எங்களைக் கூப்பிட்டு ஒரு சொல்லுக் கேட்கேல்லைத் தம்பி. இனி எந்தக் கோட்டுக்குப் போறது?" என்றார். ஏறக்குறைய இதே கேள்வியைத் தம்பலகாமத்தில் ஒரு கோயில் தர்மகர்த்தாவும் மூதூரில் ஒரு பள்ளிவாசல் நிர்வாகியும் முன்பே கேட்டிருந்தார்கள். மூவருக்கும் தனித்தனியாகச் சொன்னதை இங்கே ஒன்றாக எழுதுகிறேன்.

நான் சட்டத்தரணி இல்லை. கச்சேரியில் (மாவட்டச் செயலகத்தில்) எழுதுவினைஞராக இருந்து ஓய்வு பெற்றபின், ஒரு மாணவர் விடுதியை நடத்தும் நம்பிக்கைப் பொறுப்புக்கு (டிரஸ்ட்) பொருளாளராக இருந்தேன். எங்களுக்கும் இப்படி ஒரு கடிதம் வந்தது. நாங்கள் பதறிப்போய், அந்த அலுவலகத்துக்கு இதை விசாரிக்க உரிமை உண்டா என்று ஒரு வரிகூடக் கேட்காமல், கணக்குகளை எல்லாம் அடுக்கி நாற்பது பக்கத்துக்குப் பதில் எழுதினோம். பிறகு அந்தப் பதிலையே காட்டி "இவர்கள் விசாரணைக்கு உடன்பட்டவர்கள்தானே" என்று மற்றப் பக்கம் வாதாடியது. கடிதத்தைக் கண்டதும் வங்கி கணக்கை நிறுத்திவைத்தது. நாலு மாதம் பிள்ளைகளின் சாப்பாட்டுக்குக் கடையில் கடன் வாங்கினோம். அதை நினைக்க இன்னும் நெஞ்சு கனக்கிறது. அதனால்தான் இவ்வளவு விரிவாக எழுதுகிறேன்.

முதலில் எதை வைத்து அளப்பது

வழிகளை ஒப்பிடுவதற்கு முன் ஐந்து கேள்விகளுக்குப் பதில் எழுதிவையுங்கள். கடிதம் எழுதியவர் எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவைச் சொல்கிறார்? அவரிடம் அதிகாரமே இல்லை என்பது உங்கள் குறையா, அல்லது அதிகாரம் இருந்தும் உங்களைக் கேட்காமல் முடிவெடுத்தார் என்பதா? கடைசியில் உங்களுக்கு என்ன வேண்டும்: அந்தக் கடிதம் இரத்தாக வேண்டுமா, இல்லை யார் நிர்வாகி என்ற சண்டையே தீர வேண்டுமா? தீர்ப்பு வரும்வரை திறப்பும் வங்கிப் புத்தகமும் யார் கையில் இருக்கும்? காசு, காலம், கொழும்புப் பயணம் எவ்வளவு தாங்குவீர்கள்?

இதில் இரண்டாவது கேள்வியில்தான் பலர் வழுக்குகிறார்கள். அதிகாரம் இல்லாதவர் உங்களை எவ்வளவு மரியாதையாகக் கூப்பிட்டு விசாரித்தாலும் அந்த முடிவு நிற்காது. அதிகாரம் உள்ளவர் கேட்காமல் செய்தால் அந்த முடிவு விழும், ஆனால் அவர் மறுபடி ஒழுங்காக விசாரித்து அதே முடிவுக்கு வரலாம். முதலாவதில் வென்றால் அந்த அலுவலகத்தின் கை உங்கள் மேலிருந்து எடுபடும். இரண்டாவதில் வென்றால் கிடைப்பது இன்னொரு விசாரணை மட்டும். இதை விளங்கிக்கொள்ளாமல் லட்சக்கணக்கில் செலவழித்தவர்களை எனக்குத் தெரியும்.

யாருக்கு எவ்வளவு அதிகாரம்

நம் இலங்கையில் எல்லாத் தர்ம நிறுவனங்களுக்கும் ஒரே மேற்பார்வையாளர் கிடையாது. பௌத்த விகாரைகளின் சொத்துகளுக்கு 1931ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம். பள்ளிவாசல்களுக்கும் முஸ்லிம் தர்ம நம்பிக்கைப் பொறுப்புகளுக்கும் 1956ஆம் ஆண்டின் 51ஆம் இலக்க வக்பு சட்டம். இந்துக் கோயில்களுக்கு அப்படித் தனிச் சட்டமொன்று இல்லை. 1917ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க நம்பிக்கைப் பொறுப்புக் கட்டளைச் சட்டம்தான் பொதுவாகப் பொருந்தும், அதில் தர்மகர்த்தாவை நீக்கும் அதிகாரம் மாவட்ட நீதிமன்றத்துக்கு. ஒரு திணைக்களத்தில் கோயிலைப் பதிந்திருக்கிறோம், உதவிப் பணம் வாங்கியிருக்கிறோம் என்பதாலேயே அந்தத் திணைக்களம் தர்மகர்த்தாவை நீக்கலாம் என்று ஆகிவிடாது.

சமூக சேவை அமைப்பாகப் பதிந்திருந்தால் கதை வேறு. தன்னார்வ சமூக சேவை அமைப்புகளைப் பதிவதற்கும் மேற்பார்வை செய்வதற்கும் 1980ஆம் ஆண்டின் 31ஆம் இலக்கச் சட்டம் உண்டு, 1998ஆம் ஆண்டின் 8ஆம் இலக்கத் திருத்தம் இடைக்கால நிர்வாக சபை நியமிக்கும் அதிகாரத்தை அமைச்சருக்குக் கொடுத்தது. அந்த அதிகாரம் மோசடி, கையாடல் பற்றிய குற்றச்சாட்டையும் அதன் மேலான விசாரணையையும் ஒட்டி வருவது. ஆகவே உங்கள் கடிதத்தில் கையெழுத்து யாருடையது, அதற்கு முன் விசாரணைச் சபை என்று ஏதாவது கூடியதா என்று பாருங்கள். உப்புவெளி அண்ணரின் கடிதத்தில் பிரிவு எண்ணே இல்லை. "கிடைத்த முறைப்பாடுகளின் அடிப்படையில்" என்று மட்டும் இருந்தது.

எந்த வழிக்குப் போனாலும் முதல் வேலை ஒன்று: 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் விண்ணப்பம் போட்டு, முறைப்பாட்டின் பிரதி, விசாரணை அறிக்கை, முடிவெடுத்த கூட்டக் குறிப்பு மூன்றையும் கேளுங்கள். தருவதா இல்லையா என்று 14 வேலைநாட்களுக்குள் தகவல் அலுவலர் சொல்ல வேண்டும். மறுத்தால் அந்த மறுப்பும் பிறகு உங்களுக்கு உதவும்.

வழி 1: அதே அலுவலகத்திடம் மறுபரிசீலனை கேட்பது

செலவு ஒரு பதிவுத் தபால். இரண்டு பக்கக் கடிதம் போதும்: எந்தப் பிரிவின் கீழ் இந்த முடிவு, எங்கள் மேலான குற்றச்சாட்டு என்ன, ஆவணங்களின் பிரதி வேண்டும், பதில் சொல்ல இவ்வளவு நாள் வேண்டும், முறைப்பாடு கொடுத்தவரோடு உறவோ தொடர்போ உள்ள அலுவலர் இந்த விசாரணையில் இருக்கக் கூடாது. "உங்கள் அதிகாரத்தை ஏற்றுக்கொள்ளாமலே இதை எழுதுகிறோம்" என்ற வரி கட்டாயம் இருக்கட்டும். நாங்கள் எழுதாமல் விட்டது அந்த வரியைத்தான்.

மறைந்திருக்கும் செலவு காலம். "பரிசீலிக்கிறோம்" என்ற பதிலோடு ஆறு மாதம் போய்விடும், அதற்குள் இடைக்காலக் குழு வங்கியில் கையெழுத்தை மாற்றிவிடும், நீதிமன்றமும் "இவ்வளவு நாள் எங்கே இருந்தீர்கள்" என்று கேட்கும். ஆகவே கடிதத்திலேயே பதிலுக்கு 14 நாள் என்று எல்லை வையுங்கள். அலுவலகம் நல்ல மனதோடு ஆனால் அவசரப்பட்டுச் செய்துவிட்டது என்று தோன்றினால் இது போதும். பின்னால் அரசியல் கை இருக்கிறது என்று தெரிந்தால் இது வெறும் ஆவணத்துக்காக.

வழி 2: மாவட்ட நீதிமன்றம்

யார் தர்மகர்த்தா, கணக்கு எங்கே, காணியை விற்றது சரியா என்ற கேள்விகளுக்கு உரிய இடம் திருகோணமலை மாவட்ட நீதிமன்றம்தான். நம்பிக்கைப் பொறுப்புக் கட்டளைச் சட்டத்தின் 101ஆம் பிரிவு பொதுவான தர்மங்களுக்கு, 102ஆம் பிரிவு வழிபாட்டிடங்களுக்கு. நீதிமன்றம் நிர்வாகியை நீக்கலாம், புதியவரை நியமிக்கலாம், கணக்குக் கேட்கலாம், இனி நிர்வாகம் எப்படி நடக்க வேண்டும் என்று ஒரு திட்டமே வகுத்துத் தரலாம். மற்ற எந்த வழியிலும் இந்தக் கடைசி விடயம் கிடைக்காது.

102இன் கீழ் போக அந்த வழிபாட்டிடத்தில் அக்கறையுள்ள 5 பேராவது சேர வேண்டும். அதற்கு முன் அரசாங்க அதிபருக்கு மனுக் கொடுத்து, அவர் விசாரணையாளர்களை நியமித்து, விடயம் நீதிமன்றம் பார்க்க வேண்டியதுதான் என்றும், இணக்கமாகத் தீர்க்க முடியவில்லை அல்லது இணக்கத்தை நிறைவேற்ற நீதிமன்றத்தின் உதவி தேவை என்றும் அவர்கள் அறிக்கை தந்து, அதிபர் சான்றிதழ் கொடுக்க வேண்டும். இந்தப் படியைத் தாண்டிப் போட்ட வழக்குகள் முதல் தவணையிலேயே தடுமாறும்.

இதில் நான் கவனித்த ஒன்றைச் சொல்ல வேண்டும். நூறு வருடத்துக்கு முன், வெள்ளைக்காரன் ஆண்ட காலத்தில், மாவட்டத்தில் அவ்வளவு பெரிய ஆளாக இருந்த ஏசண்டருக்குக்கூட (இன்றைய அரசாங்க அதிபர்) சட்டம் சட்டம் கொடுத்தது விசாரிக்கவும் சமாதானம் பேசவும் சான்றிதழ் தரவும் உள்ள அதிகாரம் மட்டும். நீக்குவதை நீதிமன்றத்திடமே வைத்தது. அப்படியிருக்க, அவருக்குக் கீழே உள்ள ஓர் அலுவலகம் ஒரு பக்கக் கடிதத்தில் கோயில் சபையைக் கலைக்கிறது என்றால் அது எந்தப் பிரிவில் என்று கேட்பது உங்கள் கடமை.

பழைய உறுதி தொலைந்துவிட்டதென்று பயப்படுகிறவர்களுக்கு: 107ஆம் பிரிவின்படி, உறுதியோ நேரடிச் சான்றோ இல்லாவிட்டாலும் நீண்டகால வழக்கத்தையும் சூழ்நிலையையும் பார்த்து இது தர்மச் சொத்து என்று நீதிமன்றம் கொள்ளலாம். யுத்தத்தில் இடம்பெயர்ந்து பெட்டியோடு ஆவணங்களை இழந்த நம் மாவட்டத்துக்கு இது பெரிய ஆறுதல். தர்மச் சொத்தை மீட்கக் கேட்கும் உரிமையை ஆட்சியுரிமைக் காலம் (வழக்குப் போடும் கால எல்லை) கடந்துவிட்டது என்று தட்டிவிடவும் முடியாது, 111ஆம் பிரிவு அதைக் காக்கிறது.

மறைந்த செலவுகள் என்ன? தவணை மேல் தவணையாக வருடங்கள் போகும், ஒவ்வொரு தவணைக்கும் சட்டத்தரணிக்குக் கொடுக்க வேண்டும், நீங்கள் கேட்காத பழைய கணக்குகளும் மேசைக்கு வரும். அந்தப் பணத்தைத் தர்மத்தின் பெட்டியிலிருந்து எடுக்காதீர்கள், எடுப்பதானால் பொதுச்சபைத் தீர்மானத்தோடு தர்மத்தின் நன்மைக்கான செலவுக்கு மட்டும் எடுங்கள். உங்கள் பதவியைக் காக்க எடுத்தால் அதுவே உங்கள் மேல் அடுத்த வழக்கு. இன்னொரு பொறி: அரச அதிகாரி தன் சட்ட அதிகாரத்தில் செய்ததை நிறுத்த மாவட்ட நீதிமன்றத்தில் தடையாணை கேட்டால், பொருள்கோடல் கட்டளைச் சட்டத்தின் 24ஆம் பிரிவைக் காட்டி மறிப்பார்கள். எதிராளி அலுவலகம் என்றால் அடுத்த வழியைப் பாருங்கள்.

வழி 3: எழுத்தாணை மனு

சிலர் ரிட் என்பார்கள். இங்கே நீதிமன்றம் உங்கள் கணக்குச் சரியா என்று பார்ப்பதில்லை. முடிவெடுத்தவருக்கு அதிகாரம் இருந்ததா, நியாயமாகக் கேட்டாரா, எந்தப் புத்தியுள்ளவரும் எடுக்காத முடிவா என்று மட்டும் பார்க்கும். தப்பு என்றால் முடிவை இரத்தாக்கும். கலைப்புக் கடிதத்துக்கு இதுதான் நேரான மருந்து. இடைக்கால உத்தரவு கிடைத்தால் திறப்பு உங்கள் கையிலேயே இருக்கும்.

எந்த நீதிமன்றம் என்பது முக்கியம். மத்திய அரசின் திணைக்களமோ அமைச்சரோ என்றால் அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரையின் கீழ் கொழும்பில் மேன்முறையீட்டு நீதிமன்றம். மாகாண சபைக்கு உரிய விடயத்தில் ஒரு சட்டத்தின் கீழ் செய்யப்பட்டது என்றால் 154P உறுப்புரை திருகோணமலையில் உள்ள மாகாண மேல் நீதிமன்றத்துக்கே அதிகாரம் தருகிறது. பிரதேச செயலகங்கள் இரண்டு பக்க வேலையும் பார்ப்பதால் இந்த இடத்தில் பிழைவிட்டு, ஒரு வருடம் கழித்து "இது எங்கள் நீதிமன்றத்துக்குரியதல்ல" என்ற சொல்லோடு திரும்பி வந்தவர்கள் உண்டு. சட்டத்தரணியிடம் முதல் கேள்வியாக இதைக் கேளுங்கள்.

கொழும்பு என்றால் தமிழ் ஆவணங்களுக்கெல்லாம் சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளரிடம் ஆங்கில மொழிபெயர்ப்பு, இரவு ரயில், புதுக்கடை நீதிமன்ற வளாகத்தில் காத்திருப்பு, சட்டத்தரணியோடு இன்னொரு மூத்த சட்டத்தரணி. தாமதித்தால் அதையே காரணமாக்கி மனுவைத் தள்ளலாம். வேறு மேல்முறையீடு இருக்கும்போது அதற்குப் போகாமல் வந்தாலும் அப்படியே.

யார் பெயரில் மனுப் போடுவது என்பதை நம்மவர்கள் பெரும்பாலும் கவனிப்பதில்லை. 1966இல் யாழ்ப்பாண மாநகர சபையை, அது தன் கடமையைச் செய்யத் தகுதியற்றது என்று அமைச்சர் கலைத்தார். சபைக்குத் தன் பக்கத்தைச் சொல்ல வாய்ப்புத் தரப்படவில்லை. மேயர் துரையப்பா வழக்குப் போட்டார், அது அன்றைய கடைசி மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில்வரை போனது. துரையப்பா எதிர் பெர்னாண்டோ என்ற அந்தத் தீர்ப்பு 1967ஆம் ஆண்டுச் சட்ட அறிக்கைகளில் இருக்கிறது. ஒருவரைக் கேட்டுத்தான் முடிவெடுக்க வேண்டுமா என்று பார்க்க மூன்று விடயங்களை அங்கே சொன்னார்கள்: பாதிக்கப்பட்டவரின் சொத்து, பதவி, அந்தஸ்து எப்படிப்பட்டது, எந்தச் சூழ்நிலையில் அதிகாரி தலையிடலாம், தலையிட்டால் என்ன தண்டனை விழும். அப்படிப் பார்த்து, அமைச்சர் சபையைக் கேட்டிருக்க வேண்டும் என்றே சொன்னார்கள். ஆனாலும் மேயர் தோற்றார். கேட்கப்படாதது சபை, குறை சொல்ல வேண்டியதும் சபை, மேயர் தனியாளாக வந்து அந்தக் கட்டளையை வீழ்த்த முடியாது என்றார்கள். அந்தக் கடைசிப் பகுதியைப் பிற்காலச் சட்ட அறிஞர்கள் நிறைய விமர்சித்தார்கள். என் மனமும் அதை ஏற்கவில்லை. ஆனாலும் ஆபத்தை ஏன் விலைக்கு வாங்குவது? கலைக்கப்பட்ட சபையைக் கூட்டி, தீர்மானம் எழுதி, எல்லா நிர்வாகிகளின் பெயரிலும் போங்கள். தலைவர் ஒருவர் மட்டும் கோபத்தில் ஓடிப்போய் மனுப் போட வேண்டாம்.

வழி 4: அடிப்படை உரிமை மனு, மனித உரிமைகள் ஆணைக்குழு

இனம், மதம், அரசியல் பார்த்து உங்களை மட்டும் குறிவைத்தார்கள் என்று காட்டச் சான்று இருந்தால் அரசியலமைப்பின் 12ஆம் உறுப்புரை தரும் சமத்துவ உரிமையை வைத்து, 126ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றம். அரசின் செயலுக்கு எதிராக மட்டும்தான் இது, சபைக்குள் இருக்கும் மற்றப் பக்கத்துக்கு எதிராக இல்லை. காலம் ஒரு மாதம். மறுபரிசீலனைக் கடிதத்துக்குப் பதில் பார்த்துக்கொண்டிருந்தாலே அது முடிந்துவிடும். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு கொடுத்தால், அங்கே விசாரணை நிலுவையில் உள்ள காலம் கணக்கில் சேராது என்று 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம் சொல்கிறது. திருகோணமலையிலேயே பிராந்திய அலுவலகம் இருக்கிறது, செலவும் இல்லை. ஆனால் ஆணைக்குழு பரிந்துரைதான் செய்யும், கலைப்புக் கடிதத்தை இரத்தாக்க அதனால் முடியாது.

வழி 5: உட்கார்ந்து பேசுவது

முறைப்பாடு கொடுத்தவர்கள் உங்கள் சொந்தக்காரர், அயலவர், ஒரே திருவிழாவில் தோள் கொடுத்துச் சுவாமி தூக்கியவர்கள். பெரும்பாலான கடிதங்களுக்குப் பின்னால் கணக்குக் காட்டவில்லை என்ற நியாயமான ஆதங்கம் ஒன்று இருக்கும். சுயாதீனக் கணக்காய்வாளர் ஒருவரை இரண்டு பக்கமும் சேர்ந்து நியமிப்போம், ஆறு மாதத்தில் பொதுச்சபை கூட்டித் தேர்தல் வைப்போம் என்று எழுத்தில் முடித்தால், முறைப்பாட்டை அவர்களே மீளப் பெறலாம். ஓய்வுபெற்ற பாடசாலை அதிபர், சட்டத்தரணி, குருக்கள் என்று இரண்டு பக்கமும் நம்பும் ஒருவர் நடுவில் இருக்கட்டும்.

பேச்சில் தர்மத்தின் காணியையோ பணத்தையோ விட்டுக்கொடுக்க உங்களுக்கு உரிமை இல்லை, அது உங்கள் சொத்தல்ல. காசு உண்மையிலேயே களவு போயிருந்தால் பேசி மறைப்பதும் சரியில்லை. பேசிக்கொண்டிருக்கையில் மற்ற வழிகளின் காலம் ஓடும் என்பதையும் மறக்க வேண்டாம்.

மூதூர், கிண்ணியா வாசகர்களுக்கு

பள்ளிவாசல் விடயத்தில் மேலே சொன்னதில் பாதி பொருந்தாது. வக்பு சபைக்குச் சட்டத்திலேயே நம்பிக்கையாளர்களை நியமிக்கவும் நீக்கவும் அதிகாரம் உண்டு, ஆகவே "உங்களுக்கு அதிகாரம் இல்லை" என்ற வாதம் அங்கே லேசில் எடுபடாது. உங்கள் வாதம் கேட்கப்படவில்லை என்பதாக இருக்கட்டும். முதலில் வக்பு நியாயசபை, பிறகு மேன்முறையீட்டு நீதிமன்றம் என்று அந்தச் சட்டமே பாதை போட்டிருக்கிறது. அதைத் தாண்டி நேரே எழுத்தாணைக்குப் போவது பெரும்பாலும் வீண்.

மூவருக்கும் நான் சொன்னது

மூதூர்க்காரரிடம் அன்றைக்கே நியாயசபைக்குப் போகச் சொன்னேன். தம்பலகாமத்தில் அலுவலகம் வெறும் சாட்டு, உண்மையான சண்டை இரண்டு குடும்பத்துக்கு நடுவே. அங்கே முதலில் பேச்சு, சரிவராவிட்டால் அரசாங்க அதிபரிடம் மனு, பிறகு மாவட்ட நீதிமன்றம். வேறு எங்கே போனாலும் அந்தக் குடும்பங்கள் பத்து வருடம் கழித்தும் அதே இடத்தில்தான் நிற்கும்.

உப்புவெளி அண்ணருக்கு எழுத்தாணை. அதற்கு முன் அந்தக் கிழமைக்குள் செய்ய வேண்டியவை: தகவல் விண்ணப்பம், பிரிவு எண் கேட்டுக் கடிதம், சபையைக் கூட்டித் தீர்மானம், மனித உரிமைகள் ஆணைக்குழுவில் ஒரு முறைப்பாடு. வங்கி முகாமையாளருக்கும் ஒரு கடிதம், நீதிமன்றக் கட்டளை இல்லாமல் கையெழுத்துகளை மாற்ற வேண்டாம் என்று. கையில் காசு குறைவு என்றார். சட்ட உதவி ஆணைக்குழுவின் திருகோணமலை நிலையத்துக்குப் போய் வருமானச் சான்றிதழோடு கேட்டுப் பார்க்கச் சொன்னேன்.

கடைசியாக, மடத்தில் சமையல் நடக்கிறதா என்று கேட்டேன். இரண்டு கிழமையாக இல்லை என்றார். அரிசிக்கும் மரக்கறிக்கும் இரண்டு பக்கமும் சேர்ந்து ஒரு தனிக் கொப்பியில் கணக்கு வைத்து, வழக்கு எப்படிப் போனாலும் அடுப்பை அணைய விடாமல் பார்க்கலாமே என்றேன். மற்றப் பக்கத்துத் தலைவரிடம் தானே போய்க் கதைக்கிறேன் என்று சொல்லித் தொலைபேசியை வைத்தார்.